ஆறாத மணல்

காலையில் பச்சையாகக் கொட்டிய மிளகு, தனபால் ஒரு பீடியைப் பிடித்து முடிப்பதற்குள் கறுத்துச் சுருங்கிக் கிடந்தது. முதல்முறை அப்படி நடந்தது போன மாதம். வீட்டு வாசலில் கொட்டியிருந்தால் ஐந்து நாள் வெயில் வேண்டும். தை மாதத்துக் கொல்லிமலையில் ஐந்து நாள் சேர்ந்தாற்போல வெயிலை யார் கண்டது? பூஞ்சை பிடித்த மிளகை முள்ளுக்குறிச்சி வியாபாரி சேக் மைதீன் பாய் கையால் தொடக்கூட மாட்டார்.

தோட்டத்துக்குப் பின்னால், சில்வர் ஓக் மரங்கள் முடிகிற இடத்தில் இருந்தது அந்த மணல். நெல்லடிக்கிற களத்தளவுதான். சுற்றிலும் செம்மண்ணும் பாறையுமாக இருக்க அங்கே மட்டும் வெள்ளை மணல். மலையே நனைகிற மழையிலும் அதில் ஒரு பொட்டு ஈரம் விழாது. விடிகாலைக் குளிரில் கிட்டே போனாலும் இப்போதுதான் அணைத்த அடுப்பைப் போல அனலடிக்கும். ஊரில் அதை ஆறாத மணல் என்பார்கள். மாடு கூட அந்தப் பக்கம் மேயாது. மாட்டுக்கு இருந்த புத்தி தனபாலுக்கு இல்லை.

ஓரத்தில் நின்று கூடையால் வீசுவான். நீள மூங்கில் கம்பில் பலகை கட்டி இழுத்து எடுப்பான். உள்ளே கால் வைத்ததில்லை. ஒரே ஒருமுறை, சிதறிய மிளகை அள்ள இடது கையை மணிக்கட்டு வரை நீட்டிவிட்டான். எடுத்துப் பார்த்தால் ஐந்து விரலிலும் நகம் ஓர் அங்குலம் வளர்ந்து மஞ்சளாய்ச் சுருண்டிருந்தது. ஓரத்து மிளகுக்கு நாள் கணக்கு என்றால் உள்ளே நீட்டிய கைக்கு மாதக் கணக்கு; உள்ளே போகப் போகக் காலம் இன்னும் வேகமாக ஓடும் போல. பிளேடால் வெட்டி வாழையடியில் புதைத்தான். யாரிடமும் மூச்சு விடவில்லை, மனைவி கோகிலவாணியிடம் கூட. மலையின் வேறு ஊரிலிருந்து வாக்கப்பட்டு வந்தவளுக்கு அந்த மணலின் கதை தெரியாது; மிளகு தோட்டத்துக்குப் பின்னால் காய்கிறது என்று மட்டும்தான் தெரியும். கல்யாணமாகி ஏழு வருடம் ஏங்கி, கோயில் கோயிலாகக் கும்பிட்டு, இப்போதுதான் அவளுக்கு ஐந்து மாதம். பிள்ளைத்தாய்ச்சியைப் பயமுறுத்துவானேன் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டான். சொன்னால் மறுநாளே நிறுத்தச் சொல்லுவாள், அதுதான் உண்மை.

"நீ அந்தப் பக்கமே வராத" என்று மட்டும் சொன்னான்.

"ஏனுங்க?"

"மாசமா இருக்கற. மேடு பள்ளம்."

அவளும் சரியென்று தலையாட்டினாள்.

அன்று காலை மிளகை வீசிவிட்டு, சாக்கு தீர்ந்துவிட்டதே என்று செம்மேட்டுக்குப் போனான். மூன்று மணி பஸ்ஸில் திரும்பியபோது மேகம் மலைமேல் கவிந்து, பட்டப்பகலிலேயே பொழுது சாய்ந்த மாதிரி இருண்டிருந்தது. வீடு திறந்து கிடந்தது. அடுப்பில் பருப்பு கொதித்துக்கொண்டிருந்தது. பக்கத்து வீட்டுப் பொன்னாயி துணி எடுத்துக்கொண்டிருந்தாள்.

"கோகிலா எங்கீங்கக்கா?"

"மொளகு அள்ளப் போயிருக்குது சாமி. மழ வருது, எல்லாம் நனைஞ்சு போயிரும்னு கூடையத் தூக்கிட்டு ஓடுச்சு."

"எப்பங்கக்கா?"

"இப்பத்தாங் கண்ணு. ஏன் இப்படி மூஞ்சி வெளுக்குது?"

சாக்கு கையிலிருந்து நழுவியது. காப்பிச்செடிகள் தோளில் அறைய, ஈர இலையின் மக்கல் வாசமும் தூரத்து இடியும் பின்னால் துரத்த, கொடிகள் சுற்றிய மரங்களுக்கிடையே சறுக்கிச் சறுக்கி ஓடினான். போகப் போக ஈர வாசம் குறைந்து, காய்ந்த மிளகின் காரம் மூக்கை அரித்தது. பிறகு அனல். பிறகு பறவைச் சத்தம் கூட நின்றுபோனது.

மணலின் ஓரத்தில் அவள் செருப்பு ஜோடியாக இருந்தது.

காய்கிற மிளகைக் காலால்தான் துழாவ வேண்டும். செருப்போடு ஏறக்கூடாது. இந்த மலையில் பிறந்த எந்தப் பெண்ணுக்கும் அது சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கோகிலாவும் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கியிருக்கிறாள். மிளகுக்குள் அவள் கால் இழுத்த கோடுகள் வரிசை வரிசையாக இருந்தன. கோடுகள் முடிந்த இடத்திலிருந்து காலடிகள் போயின. போய்க்கொண்டே இருந்தன. எதிர்ப்பக்கத்துப் பாறையைக் காணோம். கண்ணுக்கு எட்டிய மட்டும் மணல். தலைக்கு மேல் கருமேகம், மணலில் மட்டும் எங்கிருந்தோ உச்சி வெயில்.

"கோகிலா!"

பதிலுக்கு வண்டு இரைவது போல மெல்லிய சத்தம் கேட்டது. உற்றுக் கேட்டான். வண்டில்லை, அவள் குரல்தான். ஒரு நாள் முழுக்கக் கூப்பிட்ட கூப்பாட்டை ஒரு நொடியில் அடைத்த மாதிரி.

தூரத்தில் அவனுடைய மூங்கில் கம்பு மணலில் ஊன்றியபடி நின்றது. ஆளைக் காணோம்.

கண்ணிமைத்தான்.

கம்பில் ஒரு தூளி தொங்கியது. அவளுடைய பச்சைச் சேலைதான்.

ஐயோ, போடா, இறங்குடா என்று மனசு அலறியது. வலது காலைத் தூக்கினான். இடது கை விரல்கள் தாமாகவே மடங்கின. அந்த மஞ்சள் நகம் நினைவுக்கு வந்தது. உள்ளே போனால் தானும் திரும்ப முடியாது. ஓடிப்போய்க் கயிறு கொண்டு வரலாமா? பொன்னாயியைக் கூப்பிடலாமா? ஒரு மூச்சு யோசித்தான். ஒரே ஒரு மூச்சு.

தூளி வெளுத்திருந்தது.

தூளி கிழிந்திருந்தது.

கம்பைச் சுற்றிச் சின்னஞ்சிறு காலடிகள்.

அப்புறம் பெரிய காலடிகள்.

அப்புறம் கம்பே இல்லை.

வண்டுச் சத்தம் நின்றது.

அனலுக்குள் ஏதோ அசைந்தது. ஓர் ஆள். நடந்து வந்தான். ஒரு காலடிக்கும் அடுத்ததற்கும் நடுவே தாடி நீண்டது. நரைத்தது. முதுகில் பச்சைச் சேலையில் கட்டிய மூட்டை. மூட்டை லேசாகத்தான் இருந்திருக்க வேண்டும். உள்ளே ஏதோ கலகலத்தது.

ஓரத்துக்கு வந்து நின்றான். தனபாலின் மூக்கு. தனபாலின் நெற்றி. தனபாலை விட இருபது வயது மூத்தவன். மூட்டையை இறக்கி அந்தச் செருப்புக்குப் பக்கத்தில் வைத்தான். வாயிலிருந்து மிளகு நெடி அடித்தது.

"பொறந்ததுலருந்து உங்களப் பாத்துக்கிட்டேதான் இருக்கறேனுங்க" என்றான். "நடந்து வரத்தான் இத்தன வருசமாயிருச்சு."

அவன் மூட்டையைத் தடவினான்.

"அம்மா சாகற வரைக்கும் சொல்லுச்சுங்க. அப்பா காலத் தூக்கிட்டாரு கண்ணு, இந்தா வந்துருவாருன்னு."

தனபால் தூக்கிய கால் இன்னும் மணலுக்கு மேல் அந்தரத்திலேயே இருந்தது. வந்தவன் குனிந்து, சுடுகிற விரல்களால் அந்தக் கணுக்காலைப் பிடித்தான்.