வானத்திலிருந்து தொங்கிய இழை

பட்டென்று ஒரு சத்தம். அடுப்பில் பாவுக்குப் போடும் கஞ்சியைத் துழாவிக்கொண்டிருந்த பூங்காவனத்தின் கை அப்படியே நின்றது.

வெளியே தெருவில் அவள் கணவன் எல்லப்பன், தறியில் நீளவாட்டில் ஓடும் பட்டு இழைகளை விரித்துப் பாவு கட்டிக்கொண்டிருந்தான். பட்டு இழை அறுந்தால் சத்தம் கேட்காது. தலைமுடி அறுவதைப் போல விரலுக்கு மட்டும்தான் தெரியும். இதுவோ தேர் வடம் அறுந்ததைப் போல் கேட்டது. அதைவிட மோசம், அதன் பிறகு வந்த அமைதி. விடியப்போகும் நேரத்தில் ஒரு சேவல்கூடக் கூவவில்லை.

எட்டு நாட்களாகவே ஆரணியில் சேவல் கூவவில்லை. திருமலைப் பக்கம் வானத்தில் அந்த வெளிச்சம் வந்து நின்றதிலிருந்து எல்லாமே அப்படித்தான். முதலில் வால் நட்சத்திரம் என்றார்கள். தாது வருஷத்துப் பஞ்சத்தைக் கடந்து வந்து பத்து வருஷம் ஆன ஊர் அது. எதைக் கண்டாலும் பயம். ஆனால் வால் நட்சத்திரம் நகரும். இது நகராமல் நாளுக்கு நாள் கீழ்நோக்கி நீண்டது. மஞ்சளுமில்லை, ஊதாவுமில்லை; சாயம் போடுகிறவர்களே அந்த நிறத்துக்குப் பெயர் தெரியாமல் விழித்தார்கள். தெருவில் ஒருவரும் பாவு போடவில்லை. எதிர்வீட்டு லோகநாதன் தறிக்குழியின்மேல் பாயை விரித்து மூடிவிட்டு, பெண்டு பிள்ளைகளோடு தேவிகாபுரத்துக்கே போய்விட்டார்.

எல்லப்பன் மட்டும் சிரித்தான். வெயில் ஏறிவிட்டால் பட்டு முறுகி அறுந்துவிடும், இருட்டோடு முடித்தாக வேண்டும் என்றான். மேலே எவனோ விளக்கு ஏற்றி வைத்திருக்கிறான், நமக்கு எண்ணெய் மிச்சம் என்று கேலி பேசிவிட்டுப் போனான்.

பூங்காவனம் உள்ளறையை எட்டிப் பார்த்தாள். நான்கு வயதுக் கற்பகம் சுருண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். கதவை மெதுவாகச் சாத்திவிட்டுத் தெருவுக்கு வந்தாள்.

தெரு முழுக்க அந்த வெளிச்சம் பால் சிந்தியதைப் போல் பரவிக் கிடந்தது. சூடு இல்லை. கருகிய பட்டின் வாடை, மயிர் பொசுங்கும் வாடை மூக்கில் ஏறியது. திண்ணைத் தூண்களுக்கு நிழல் இல்லை. குனிந்து தன் காலடியைப் பார்த்தாள். அங்கேயும் இல்லை.

மூங்கில் கவைகள்மேல் நாற்பது முழத்துக்குப் பாவு நீண்டு கிடந்தது. நடுவில் எல்லப்பன் குனிந்து நின்றான். கட்டை விரலை நாக்கில் தொட்டு, இரண்டு நுனிகளைச் சேர்த்துத் திரித்துக்கொண்டிருந்தான். ஒரு நாளைக்கு நூறு தடவை அவன் செய்கிற வேலைதான்.

ஒரு நுனி பாவிலிருந்து வந்தது. மற்றதை அவள் கண்ணால் தொடர்ந்தாள். அவன் தலைக்கு மேலே. கூரைக்கு மேலே. தென்னைக்கு மேலே. முடிவே இல்லாமல் அது வானத்துக்குள் போனது.

"ஏங்க, இன்னா பண்றீங்க?"

"ஒரு இழை அறுந்து தொங்கிகினு இருந்துச்சு. அப்டியே உட்டுட்டு வரச் சொல்றியா? சாயத்தப் பாருடி, எந்தக் கடையில கெடைக்கும் இந்தச் சாயம்?"

தொங்கும் நுனியைக் கண்டால் அவன் கைக்குப் பொறுக்காது. சோற்றில் கை வைத்திருந்தாலும் எழுந்துபோய் முடிந்துவிட்டுத்தான் வருவான். அது அவளுக்குத் தெரியும்.

பாவு அதிர்ந்தது.

கவைகள் ஒவ்வொன்றாகச் சாய்ந்தன. பட்டு இழைகள் மெல்ல, அவசரமே இல்லாமல், மேலே ஏறத் தொடங்கின. அவன் பாவைக் கட்டிப் பிடித்தான். அதோடு சேர்ந்து அவன் குதிகால்களும் மண்ணைவிட்டு எழும்பின. கையை விடச் சொல்லிக் கெஞ்சினாள். அவன் காதில் ஏறவில்லை. அவளுக்கு வேண்டியதெல்லாம் ஒன்றுதான்: அவனை வீட்டுக்குள் இழுத்துக் கதவைச் சாத்த வேண்டும்.

ஓடிப்போய்க் கத்தியை எடுத்து வந்தாள். வெளிச்ச இழைமேல் வீசினாள். கத்தி காற்றில் போவதைப் போல் அதை ஊடுருவிப் போனது. முடிச்சுக்குக் கீழே, பட்டின் பக்கம் அறுத்தாள்.

அறுந்தது. பாவு பொத்தென்று மண்ணில் விழுந்தது. அவனும் விழுந்தான். அவளுக்கு மூச்சு வந்தது.

வெளிச்ச இழை மட்டும் அவன் முகத்துக்கு நேரே ஆடியது. ஒற்றை நுனி.

"வேணாங்க, உள்ள வாங்க."

அவன் கை அதற்குள் அதைப் பிடித்துவிட்டது. கட்டை விரல் நாக்குக்குப் போனது. சேர்ப்பதற்கு இன்னொரு நுனி வேண்டும். அவன் பாவைத் தேடவில்லை. சுட்டு விரலின் நுனியைக் கிள்ளினான். அங்கிருந்து ஓர் இழை வந்தது.

திரித்தான்.

விரல் குறைந்தது. அடுத்த விரல். மணிக்கட்டு. ரத்தம் இல்லை. அவன் முகத்தில் வலியும் இல்லை. பூங்காவனம் அவன் இடுப்பைக் கட்டிப் பிடித்து இழுத்தாள். கனமே இல்லை. வெறும் வேட்டியைப் பிடித்ததைப் போல இருந்தது. நூலை உருவும்போது நூல்கண்டு சுற்றுவதைப் போல் அவன் அவள் பிடிக்குள்ளேயே சுற்ற ஆரம்பித்தான். மெதுவாக. ஒவ்வொரு சுற்றுக்கும் அவன் முகம் ஒரு தடவை அவளைப் பார்த்தது.

அவள் கை தானாக விட்டது.

தலையை நிமிர்த்தினாள். வானத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை இழைகள் விறைப்பாக நின்றன. அத்தனையும் நீளவாட்டில்தான். குறுக்கே ஓடும் ஊடை இழை ஒன்றுகூட இல்லை. அவற்றின் நடுவே, தோள் அளவு, மார்பு அளவு, அவன் போய்க்கொண்டிருந்தான்.

வீட்டுக்குள் கற்பகம் புரண்டு படுக்கும் சத்தம் கேட்டது.

மிச்சமிருந்த முகம் இன்னொரு முறை அவள் பக்கம் திரும்பியது. வாயில் அதே கேலிச் சிரிப்பு.

"பாவுக்கு நான் ஒருத்தனே போதுமாம், பூங்காவனம். ஊடைக்குக் கற்பகத்த எழுப்பிக் கூட்டியா."