அண்ணி கடை

“கோர்ட்டே சொல்லிட்ச்சு... இன்னாத்துக்குமா ஏலத்துக்குப் போற? அங்க வாயப் பொத்திகினு நிக்கவா?” விடிந்ததும் கீர்த்தி தாய் கெங்கம்மாவிடம் ஆரம்பித்துவிட்டாள்.

கெங்கம்மா கூடையை எடுத்தாள். புருஷன் சுப்புராயன் டீ டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தான். தம்பிக்கும் பெண்டாட்டிக்கும் நடுவில் அவனுக்கு வாய் கிடையாது.

கெங்கம்மாவின் மீன் வறுவல் கடைக்கு ‘அண்ணி கடை’ என்று பேர் வைத்தது அந்தத் தம்பி லோகநாதன்தான். அப்போது பள்ளிக்கூடப் பையன். கைக்குழந்தையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு, கொதிக்கிற எண்ணெய் முன்னால் நின்று, அவனைக் கேட்டரிங் படிக்க வைத்தாள் கெங்கம்மா. படித்தவன் திருவொற்றியூரில் தனிக்கடை போட்டான். மாதவரத்துக் கூட்டாளி ஒருவன் காதில் ஓத, கடைப்பேரைத் தனக்கென்று பதிவு செய்தான். கேஸ் போட்டு, அவள் அந்தப் பேரில் தொழில் செய்யக்கூடாதென்று தடையும் வாங்கிவிட்டான்.

காசிமேட்டு மீன் ஏலத்தில், ஏலம் விடும் அப்பாவுவிடம் மீன் கேட்பவர்கள் கடைப்பேரைக் கூவ வேண்டும். பேர் சொல்லாதவருக்குக் கூடை கிடையாது. கெங்கம்மா கூவினால் படகில் இருப்பவனே திரும்பிப் பார்ப்பான். இன்றைக்குக் கையை மட்டும் தூக்கினாள்.

“கடை பேர சொல்லும்மா!” என்றார் அப்பாவு.

அவள் கையை இன்னும் உயரத் தூக்கினாள்.

“அக்கா ஊமையாயிட்ச்சுபா!” எவனோ சிரித்தான்.

எதிர்ப்பக்கம் லோகநாதன் நின்றிருந்தான். அவனும் மீன் எடுக்கத்தான் வந்திருந்தான்.

“சங்கரா மீனு... ஒரு தரம்... ரெண்டு தரம்...”

“அண்ணி கடை!”

கூவியவன் லோகநாதன். அப்பாவு கூடையை அவன் பக்கம் தள்ளினார்.

“இங்க ஏன் நைனா தள்ற? எனக்கு எத்தினி அண்ணி கீது? அதோ நிக்குது பாரு... அங்க போடு!”

கெங்கம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து அவன் முதுகில் ஒன்று வைத்தாள். “பேரு நீ வச்சதுதானடா... நீயே எடுத்துகினு போ!”

“வாணாம் அண்ணி! என் கடைக்கு வர்றவன்லாம் அண்ணி எங்கன்னு கேக்கறான்... நான் இன்னா சொல்லுவேன்? கேஸ வாபஸ் வாங்கிடறேன்... என்னை வுட்ராத!”

மீன் செதிலோடு அவனைக் கட்டிக்கொண்டாள். இருவரும் அழுதார்கள். துறைமுகமே விசில் அடித்தது.

அவன் மூக்கை உறிஞ்சினான். “வக்கீலாண்ட இன்னா சொல்றது அண்ணி?”

“மத்தியானம் சாப்புட வரச் சொல்லு. உன் கேஸப் புடிச்சிகினு அந்தாளும் எளச்சிப் போய்கீறாரு!”