பன்னிரண்டரை மணி இரங்கல் செய்தி

கொசு அவரைக் கடிக்கவில்லை. கோமுகி அணைப் பக்கத்துக் கரும்புக் காட்டுக் கொசு, விளக்கு வைக்கும் நேரத்தில் ஆளையே தூக்கிக்கொண்டு போய்விடும். அம்சவள்ளியின் முழங்கைகள் இரண்டும் தடித்துச் சிவந்திருக்க, சட்டையில்லாமல் கட்டிலில் சாய்ந்திருந்த அவள் புருஷன் தீனதயாளனின் முதுகில் மட்டும் ஒன்றுகூட உட்காரவில்லை. கிட்டே போவதும் திரும்பி வருவதுமாக இருந்தன.

"பசிக்கலீங்களா?"

"வாணாம் வள்ளி. நல்லாத்தான் கீறேன்."

நல்லாத்தான் இருந்தார். அதுதான் அவளுக்கு உறுத்தியது. சிறுநீரகம் இரண்டும் போய்விட்டது, வீட்டுக்கு அழைத்துப் போங்கள் என்று டாக்டர் கையை விரித்து ஒரு வாரம்கூட ஆகவில்லை.

அம்சவள்ளி கச்சிராயபாளையம் சமுதாய வானொலியின் அறிவிப்பாளர். பதினாலு வருஷத்துக்கு முன்பு விவசாயிகள் சேர்ந்து உரக்கடை மாடியில், எதிரொலிக்காதபடி சுவரெல்லாம் முட்டை அட்டை ஒட்டித் தொடங்கிய நிலையம் அது. பாட்டும் மழைச் செய்தியும் என்னதான் போட்டாலும், ஊர் காது கொடுத்துக் கேட்பது பன்னிரண்டரை மணி இரங்கல் செய்தியைத்தான். செல்போன் எடுக்காத கல்வராயன் மலைக்காரர்கள் அதைக் கேட்டுத்தான் சாவுக்கு இறங்கி வருவார்கள். இரண்டாம் வருஷம், கீழூர்ப் பெரியநாயகி செத்ததற்கு மேலூர்ப் பெரியநாயகியின் பெயரை வாசித்துத் தொலைத்தாள் அம்சவள்ளி. மலையே சிரித்தது. செத்ததாகச் சேதி வந்தால் ஆயுசு கெட்டி என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். அன்றைக்கே மார்பில் கட்டியோடு கிடந்த அந்த மேலூர்க்காரி இன்னும் இருக்கிறாள்.

அதனால்தான் கொசு அவரை விட்டு விலகிய அந்தச் செவ்வாய்க்கிழமை மத்தியானம், தாளில் இல்லாத ஒரு பெயரை அம்சவள்ளி கடைசியாகச் சேர்த்து வாசித்தாள். கச்சிராயபாளையம் தீனதயாளன். அவளுக்குக் குரல்கூட நடுங்கவில்லை. அவர் பிழைத்தால் போதும் என்றிருந்தது. மாலையோடு வந்த பக்கத்து வீட்டார், அவர் எழுந்து உட்கார்ந்திருப்பதைப் பார்த்துவிட்டு அசடு வழியத் திரும்பிப் போனார்கள்.

புதன், வியாழன் போயிற்று. சோறு தொடவில்லை. கண் மூடவில்லை. உடம்பில் சூடில்லை. வெள்ளிக்கிழமை காலை அவர் மூக்கருகே புறங்கையை வைத்துப் பார்த்தாள். பேசும்போது மட்டும்தான் காற்று வந்தது.

மலைக்கு ஜீப் ஓட்டும் காசிநாதனைப் பேருந்து நிறுத்தத்தில் பிடித்தாள்.

"மேலூர்ப் பெரியநாயகி எப்படிக் கீறாங்க?"

அவன் முகம் மாறியது. "கீது. ஊருக்கு வெளிய குடிச போட்டு வச்சிக்கீறாங்கக்கா. நாத்தம் தாங்கல. கஞ்சி வாணாங்குது, தண்ணி வாணாங்குது. சும்மா பேசிக்கினே கீது."

ஐயோ, அவரையும் என் வாயாலேயே இப்படி ஆக்கிவிட்டேனே என்று அம்சவள்ளி நிலையத்துக்கு நடந்தாள். அவர் போகட்டும். நிம்மதியாகப் போகட்டும். முதலில் வாசித்தது பொய்; இப்போது வாசித்தால் மெய். மெய்ச் சேதிக்கு ஆள் அடங்கித்தானே ஆகவேண்டும்?

பன்னிரண்டரைக்கு மைக்கைத் திறந்தாள். அவர் பெயரை அழுதுகொண்டே வாசித்தாள்.

வீட்டுக்கு ஓடினாள். கதவு திறந்திருந்தது. உள்ளே ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. அழுகிய வாழைத்தண்டு வாடை. கட்டில் காலி.

அவர் அடுப்பங்கரையில் நின்றுகொண்டிருந்தார். முன்னைவிட நிமிர்ந்து.

"கேட்டேன் வள்ளி. ரெண்டாந் தபாவும் பட்ச்சிட்ட."

கையை நீட்டினார். பிடித்தாள். சில்லென்றிருந்தது. அவர் கட்டைவிரல் நகம் கழன்று அவள் உள்ளங்கையில் தங்கியது. ரத்தம் இல்லை.

அவர் அதைப் பார்த்தார். சிரித்தார்.

"போவட்டும் வுடு. இன்னும் எவ்ளோ நாளு கெடக்குது. நாளிக்கி உன் பேரையும் பட்ச்சிடு. நான் மட்டும் தனியா இன்னா பண்ணுவேன்?"

அவள் கையை இழுத்தாள். அவர் விடவில்லை. பேச்சு நின்றதும் வழக்கம்போல மூச்சும் நின்றது. சிரிப்பு மட்டும் அப்படியே இருந்தது.