நாக்கு வைத்தவள்

நாற்பது நாள் கழித்துப் பக்கத்து வீட்டுக் கெத்ரான் கரை திரும்பிய மதியம், நான் தெருக்கோடியில் லோஸ்வி வீட்டு அடுக்களையில் உட்கார்ந்திருந்தேன். அவள் மகளுக்குப் பேசி வைத்த சம்பந்தம் ஏன் முறிந்தது என்று யாராவது போய்க் கேட்டுத்தானே ஆக வேண்டும்? கேட்டேன். கதை நீளமாக இருந்தது. சட்டியில் வறுத்த கருவாடும் நிறைய இருந்தது.

துறையில் சங்கு ஊதியது, ஓடினேன். பனிமூட்டத்துக்குள்ளிருந்து ஒற்றைப் படகு வந்துகொண்டிருந்தது.

இல்வராக் கடலில் உப்பு கிடையாது. பால் நிறத்தில், இனிப்பாக, அலையே இல்லாமல் கிடக்கும். உப்பு வேண்டுமென்றால் ஆட்களிடமிருந்து எடுத்துக்கொள்ளும். எடுத்த பிறகு ஆளைத் திருப்பியும் அனுப்பும். அதே முகம், அதே நடை. அதனால்தான் எங்கள் தொர்வெல் துறையில், திரும்பி வருகிறவன் கரைக்கயிற்றைத் தாண்டுவதற்கு முன் அவன் மணிக்கட்டில் நாக்கு வைத்துப் பார்க்கிறோம். உப்புக் கரித்தால் உள்ளே வரலாம். கரிக்காவிட்டால் நீளக் கம்புகளால் தண்ணீருக்கே தள்ளிவிடுவார்கள். சொந்தக்காரர்கள் பார்க்கக் கூடாது, பொய் சொல்லிவிடுவார்கள். சுவரை ஒட்டி வசிக்கும் பக்கத்து வீட்டுக்காரிதான் பார்க்க வேண்டும். அவளுக்குத்தான் இரக்கம் குறைவாம்.

பக்கத்து வீட்டு ஆண் கடலில் இருக்கும்வரை அவள் பகலில் உப்பு தொடக் கூடாது. முப்பது நாள் நான் ஒழுங்காகத்தான் இருந்தேன். அதற்குள் ஊரே கெத்ரானுக்காக அழுது முடித்திருந்தது. செத்தவனுக்காக எவ்வளவு நாள் கஞ்சியைச் சப்பென்று குடிப்பது?

கயிற்றருகே அவன் மனைவி யீஸ்லா, நாலு வயது ஓமியை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றாள்.

“வேர்தாக்கா, சீக்கிரம் பாருங்க. அவரு நடுங்குறாரு.”

துறைக்காரர் ஹோப்ரன் என்னை ஏற இறங்கப் பார்த்தார். “காலையிலேர்ந்து வாய் சுத்தமா இருக்கா?”

“அவ வாயா? சுத்தமா?” என்று கூட்டத்தில் எவனோ கத்தினான். எல்லோரும் சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்பின் நடுவே நான் தலையை ஆட்டிவிட்டேன். கருவாடு தின்றேன் என்று இத்தனை பேர் முன்னால் எப்படிச் சொல்வது? பொழுது சாய்வதற்குள் அது தெருவெல்லாம் போய்விடும். ஒரு பேச்சு எவ்வளவு வேகமாகப் போகும் என்று எனக்குத் தெரியாதா?

கெத்ரானின் கை சில்லென்றிருந்தது. நாக்கு வைத்தேன்.

நன்றாகவே கரித்தது.

“உப்பு இருக்கு!” என்று கூவினேன். கயிற்றைத் தாழ்த்தினார்கள். யீஸ்லா அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டு கதறினாள்.

வீடு திரும்பும் வழியில் பல்லிடுக்கில் ஒரு முள் நெருடியது. எடுத்துப் போட்டேன்.

வாய் இன்னும் கரித்துக்கொண்டே இருந்தது.

கெத்ரானும் யீஸ்லாவும் சண்டை போட்டால் நான் அடுப்பை அணைத்துவிட்டு வந்து கேட்பேன். அவ்வளவு சுவையாக இருக்கும். இந்த முறை இரண்டு நாளாகச் சத்தமே இல்லை. சுவர் வழியாகத் திரிந்த பாலின் ஈர வாடை மட்டும் வந்தது. மூன்றாம் நாள் காலை பின்கட்டு வேலிப் பக்கம் போனேன். எட்டிப் பார்க்கத்தான். மறைப்பானேன்?

கெத்ரான் முற்றத்தில் உட்கார்ந்திருந்தான். மடியில் ஓமி தேம்பி அழுதுகொண்டிருந்தாள். அவன் அவளைத் தேற்றவில்லை. உள்ளங்கையைக் குழித்து அவள் தாடைக்குக் கீழே பிடித்திருந்தான்.

நிறைந்ததும் குடித்தான்.

மறுபடி பிடித்தான்.

அன்று முழுக்கக் கதவைச் சாத்திக்கொண்டு கிடந்தேன். மறுநாள்தான் துவைகல்லில் யீஸ்லாவைத் தனியாகப் பிடித்தேன்.

“யீஸ்லா, அன்னைக்கு நான் கருவாடு தின்னுட்டு வந்துட்டேன்டி.”

அவள் துணியைக் கும்முவதை நிறுத்தவில்லை. “தெரியும்க்கா. கிட்ட நின்னேன்ல. வாடை அடிச்சுது.”

“தெரிஞ்சுமா சும்மா இருந்த?”

“உப்பில்லன்னு சொல்லியிருந்தா, என் கண்ணு முன்னாடியே தள்ளிவிட்ருப்பாங்க.”

“சரி, போனது போகட்டும். புள்ளைய எங்கிட்ட குடுத்துரு.”

யீஸ்லா முதல் முறையாக நிமிர்ந்தாள்.

“நேத்து கேட்டிருக்கலாமேக்கா.”

அவள் வீட்டுப் பின்வாசற்படியில் ஓமி நின்று என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

நெடுநேரம் சிரித்தாள். ஒரு முறைகூட இமைக்கவில்லை.

ஹோப்ரனிடம் ஓடிப்போய் எல்லாவற்றையும் கொட்டினேன். கம்புகளோடு பத்துப் பேர் வந்தார்கள். நடுப்பகல்தான், வெயில்கூட இருந்தது. வீட்டுக்குள் ஒருவரும் இல்லை. தரை முழுக்க இனிப்புத் தண்ணீர். மூன்று ஜோடி ஈரக் காலடிகள் என் வீட்டுச் சுவர்வரை வந்து நின்றிருந்தன. வெளியே போன தடம் எதுவும் இல்லை.

அந்த வீட்டுக் கதவைப் பலகை வைத்து அடித்தார்கள். பிறகு என் வீட்டுக்கு வந்தார்கள். தவறாக நாக்கு வைத்தவளை உள்ளே வைத்து அவள் கதவையும் சேர்த்து அடிப்பதுதான் வழக்கம். லோஸ்விகூட ஆணி எடுத்துக் கொடுத்தாள். அவள் இடத்தில் இருந்தால் நானும்தான் கொடுத்திருப்பேன்.

கூரைத் திறப்பு வழியாக ரொட்டி இறக்குகிறார்கள். முதல் நாள் ஒரு சாடி உப்பும் இறக்கினார்கள்.

இரண்டாம் நாள் சுவரில் ஒரு கல் மெதுவாக நகர்ந்து என் பக்கம் விழுந்தது. அந்த ஓட்டையில் ஒரு கிண்ணம் தெரிந்தது.

“அக்கா, கொஞ்சம் உப்பு குடுங்களேன்.”

யீஸ்லாவின் குரல்தான். கொடுத்தேன். கொடுக்காமல் எங்கே போவேன்?

அதற்கடுத்த நாள் மூன்று கிண்ணங்கள்.

இன்று ஏழு.

இத்தனை பேர் யார் என்று கேட்க வாயெடுத்தேன். வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, கேட்கவில்லை. சாடியைக் கவிழ்த்துத் தட்டிக் காட்டினேன். உப்பு தீர்ந்துவிட்டது என்றேன்.

சுவரில் இன்னொரு கல் நகர்ந்தது.

“பரவால்லக்கா. நீங்க இருக்கீங்கல்ல.”