ஆமைப் பானையும் வீடு மாறியது

அன்று காலையில் அந்த வீட்டில் எதைத் தேடினாலும் கிடைக்கவில்லை. சீப்பைக் காணோம். கத்தியைக் காணோம். அப்பாவின் செருப்பில் இடது கால் மட்டும் காணோம்.

"எதை எந்தப் பெட்டியில போட்டே?" என்று அப்பா மாமாவைக் கேட்டார்.

"கவலையே படாதீங்க மச்சான். எல்லாப் பெட்டி மேலயும் பேர் எழுதியிருக்கேன்" என்றார் மாமா பெருமையாக.

அப்பா போய்ப் பார்த்தார். எல்லாப் பெட்டியிலும் ஒரே பெயர்தான் எழுதியிருந்தது: 'சாமான்'.

வீடு மாறுகிற நாள் அது. அம்மா பஸ் ஓட்டுநர். அன்றைக்கு என்று பார்த்து அவருக்கு விடுமுறை கிடைக்கவில்லை. "வேலையை முடிச்சிட்டு சாயங்காலம் நேரா புது வீட்டுக்கே வந்துடறேன்" என்று சொல்லிவிட்டுக் காலையிலேயே கிளம்பிவிட்டார். அம்மாவின் தம்பியான மாமா தன் குட்டி லாரியோடு உதவிக்கு வந்திருந்தார்.

அப்பாவும் மாமாவும் கட்டிலைக் கழற்றிக்கொண்டிருந்தபோது, மைனா குளிர்சாதனப் பெட்டியைத் திறந்து பார்த்தாள். மைனாவுக்குப் பத்து வயது. பள்ளிக்கூடத்தில் வேறு பெயர் உண்டு. ஆனால் வாய் ஓயாமல் பேசுவதால் வீட்டில் எல்லோருக்கும் அவள் மைனாதான்.

"அப்பா, இவ்வளவு காய் இருக்கே! என்ன பண்ணப் போறோம்?"

"யாருக்காவது குடுத்துடலாம்மா. அடுப்பைக் கழற்றிக் கட்டியாச்சு. ராத்திரிக்குக் கடையில ஏதாவது வாங்கிக்கலாம்."

"அம்மா நாள் முழுக்க பஸ் ஓட்டிட்டு வருவாங்க. அவங்களுக்கு ஆறிப்போன கடைச் சாப்பாடா? நான் கேசரோல் பண்றேன்."

மாமா தலையைச் சொறிந்தார். "கேசரோலா? சூடு ஆறாம வைக்கிற டப்பாதானே அது? டப்பாவையா சாப்பிடப் போறோம்?"

"ஐயோ மாமா! அந்தப் பேர்ல சாப்பாடும் இருக்கு. காயை எல்லாம் அடுக்கடுக்கா வெச்சு மெதுவா வேக வைக்கணும். அதுக்கு அடுப்பே வேணாம். ஆமைப் பானை போதும்."

ஆமைப் பானை என்பது அவர்கள் வீட்டு ஸ்லோ குக்கர். கரண்டில் ஓடும். காலையில் காயைப் போட்டால் சாயங்காலம்தான் வேகும். அதனால் அந்தப் பெயர். எந்தப் பெட்டியிலும் அடங்காததால், சமையலறை மேடையில் அது மட்டும் மிச்சமிருந்தது.

"நாம மத்தியானமே கிளம்பணுமே" என்றார் அப்பா.

"பாதி இங்க வேகட்டும். மீதி அங்க வேகட்டும்."

"ஆமை புகுந்த வீடு உருப்படாதுன்னு சொல்வாங்க" என்று மாமா கண்ணடித்தார்.

"இந்த ஆமை புகுந்தா வீடே மணக்கும், பாருங்க!"

அப்பா சிரித்துவிட்டார். "சரி, நடக்கட்டும். ஆனா கத்தி என் கையிலதான் இருக்கும்."

கத்தியைத் தேடி நான்கு 'சாமான்' பெட்டிகளைப் பிரித்தார்கள். நான்காவது பெட்டியில் கத்தி கிடைத்தது. கூடவே அப்பாவின் இடது கால் செருப்பும் கிடைத்தது.

அப்பா நறுக்க நறுக்க மைனா அடுக்கினாள். உருளைக்கிழங்கு வேக நேரமாகும், அதனால் அது அடியில். அதன் மேல் கேரட். அதன் மேல் முட்டைக்கோஸ், பிறகு தக்காளி. நடுநடுவே உப்பு, மிளகுத்தூள், நசுக்கிய பூண்டு. கொஞ்சம் தண்ணீர். சீஸ் கடைசியில்தான் போட வேண்டும் என்று தனியாக எடுத்து வைத்தாள். கண்ணாடி மூடியை மூடி, குமிழைத் திருகினாள்.

"பட்டாணி!" என்று கூப்பிட்டாள்.

கூப்பிட்டது காயை இல்லை, தம்பியை. பிறந்தபோது அவ்வளவு சின்னதாக இருந்தானாம். இப்போது ஆறு வயது ஆகியும் பெயர் போகவில்லை.

ஆளைக் காணோம். தேடிப் பார்த்தால், காலியான துணி அலமாரிக்குள் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"நான் வரல" என்றது அலமாரி. "அங்க எனக்கு யாரையும் தெரியாது. நான் இங்கயே இருக்கேன்."

மாமா சாக்லேட் தருவதாகச் சொன்னார். அலமாரி அசையவில்லை. அப்பா வந்து, "நீ பெரிய பையன் இல்லையா?" என்று கேட்டார்.

"இல்ல. நான் சின்னப் பையன்."

அப்பா சிரிப்பை அடக்கிக்கொண்டு கட்டில் பக்கம் போய்விட்டார்.

மைனா அலமாரியின் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.  

"எனக்கும் அங்க யாரையும் தெரியாதுடா" என்றாள் மெதுவாக.

"உனக்குமா?"

"ஆமா. எனக்கும் பயமாத்தான் இருக்கு." மைனா பெருமூச்சு விட்டாள். "ஆமைப் பானைதான் பாவம். பாதி வெந்தும் பாதி வேகாமலும் கிளம்பப் போகுது. லாரி குலுங்கினா மூடி திறந்துக்கும். யாராவது பக்கத்துல உட்கார்ந்து பிடிச்சுக்கணும். என் கையில பூந்தொட்டி இருக்கும். என்ன பண்றதுன்னே தெரியல."

அலமாரிக் கதவு ஒரு விரல் அகலத்துக்குத் திறந்தது.

"மூடியை மட்டும் பிடிச்சா போதுமா?"

"போதும்."

"சரி. பானைக்காகத்தான் வர்றேன்" என்றான் பட்டாணி.

மத்தியானம் கிளம்பினார்கள். மூடியைத் துண்டால் இறுக்கிக் கட்டி, பானையைச் சூடு போகாமல் தடிப்பான போர்வையில் சுற்றி, பட்டாணியின் காலடியில் வைத்தார்கள். அவன் குனிந்து இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டான்.

ஒவ்வொரு வேகத்தடை வரும்போதும், "மெதுவா மாமா! உருளைக்கிழங்குக்குத் தூக்கிப் போடுது!" என்று கத்தினான்.

"இதுக்கு மேல மெதுவா போனா லாரி தூங்கிடும்" என்றார் மாமா. "அங்க பாரு, சைக்கிள்காரர் நம்மளைத் தாண்டிப் போறார்!"

புது வீடு ஒரு சின்னத் தெருவில் இருந்தது. ஒட்டி ஒட்டிக் கட்டிய வீடுகள். இவர்களுடையதற்கு நீலக் கதவு. எல்லோரும் உள்ளே போனார்கள். பட்டாணி மட்டும் வாசல்படியில் வைத்த பானையைக் கட்டிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டான்.

அப்பா சுவிட்சைப் போட்டார். விளக்கு எரியவில்லை. அடுத்த சுவிட்ச், அதற்கடுத்த சுவிட்ச், எதற்கும் பலனில்லை. போன் செய்து கேட்டால், கரண்டு இணைப்புக் கொடுக்கும் ஆள் நாளைக்குத்தான் வருவாராம்.

மைனா வாசலுக்கு வந்து, துண்டை அவிழ்த்து மூடியைத் திறந்து, ஒரு கரண்டியால் உருளைக்கிழங்கைத் தட்டினாள். 'டொக்' என்றது.

"விடும்மா. கடையிலயே வாங்கிக்கலாம்" என்றார் அப்பா.

மைனா மூடியைத் திரும்பவும் மூடினாள். பக்கத்து வீட்டு ஜன்னலைப் பார்த்தாள். உள்ளே மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது.

"அப்பா, பக்கத்து வீட்டுல கேட்டுப் பாக்கட்டுமா?"

"கேளு. வாசல்லயே நின்னு கேளு. நான் இங்கயிருந்து பாத்துக்கிட்டு இருக்கேன்."

"வாடா பட்டாணி. நான் பானையைத் தூக்கினா கதவை யார் தட்டுறது?"

பட்டாணி மனமில்லாமல் வந்து தட்டினான். கதவு திறந்தது.

யானை போல ஒரு ஆள் நின்றார். தலையிலிருந்து தாடை வரை ஒரு துண்டைச் சுற்றிக் கட்டியிருந்தார். ஒரு கன்னம் பந்து போல உப்பியிருந்தது. புருவம் இரண்டும் நெரிந்திருந்தன.

மைனா மூச்சு விடாமல் பேசினாள். "வணக்கம் மாமா நாங்க பக்கத்து வீடு இன்னைக்குத்தான் வந்தோம் கரண்டு இல்ல இது பாதி வெந்திருக்கு ஒரே ஒரு பிளக் கிடைக்குமா?"

"ம்ம்ம்" என்றார் அவர்.

"முடியாதா?"

"ம்ம்! ம்ம்ம்!" அவர் கையை ஆட்டினார்.

"கோவமா இருக்கார். வா, போயிடலாம்" என்று மைனா கிசுகிசுத்தாள்.

பட்டாணி நகரவில்லை. அவரை அண்ணாந்து பார்த்துக்கொண்டே நின்றான்.

"உங்களுக்கும் பல்லு போச்சா?" என்று கேட்டான்.

அவர் கண்கள் அகலமாக விரிந்தன. ஆமாம் என்று தலையாட்டினார்.

பட்டாணி வாயைத் திறந்து முன்பல் இல்லாத ஓட்டையைக் காட்டினான். "எனக்கும் போச்சு. தானா விழுந்துச்சு. உங்களுக்கு?"

அவர் குறடு பிடிப்பது போல விரலை மடக்கி, வாயிலிருந்து எதையோ இழுத்துக் காட்டினார்.

"புடுங்கிட்டாங்களா! ரொம்ப வலிச்சுதா?"

அவ்வளவு பெரிய மனிதர் சின்னக் குழந்தை போல உதட்டைப் பிதுக்கினார். உள்ளேயிருந்து வெள்ளைப் பஞ்சு எட்டிப் பார்த்தது.

பட்டாணி அக்காவின் பக்கம் திரும்பினான். "கோவம் எல்லாம் இல்லக்கா. வாயில பஞ்சு இருக்கு. அதான் பேச முடியல."

அவர் குனிந்து மைனாவின் கையிலிருந்து பானையை வாங்கிக்கொண்டார். கதவை ஒட்டியே ஒரு மேசை இருந்தது. தன் போன் சார்ஜரைப் பிடுங்கிவிட்டு, அங்கே பானையின் பிளக்கைச் செருகினார். மேசைக்கு மேலே ஆணியில் தபால்காரர் சட்டையும் பெரிய பையும் தொங்கின.

அதற்குப் பிறகு பட்டாணிக்கு நிற்க நேரமில்லை. பக்கத்து வீட்டு வாசலுக்கு ஓடி, கண்ணாடி மூடி வழியாக எட்டிப் பார்ப்பான். "திறக்கக் கூடாது மாமா. திறந்தா ஆவி போயிடும்" என்பான். தபால்காரர் நெஞ்சில் கைவைத்துச் சத்தியம் செய்வார். உடனே இவன் வீட்டுக்குள் ஓடி, "கொதிக்குதுக்கா! குமிழி வருது!" என்று சமையலறை வரை போய்ச் சொல்லிவிட்டு வருவான். நீலக் கதவை எத்தனை தடவை தாண்டினான் என்று அவனுக்கே தெரியாது. சீஸ் போட மட்டும் ஒரு தடவை மூடியைத் திறந்தார்கள். அப்போது தெருவே மோப்பம் பிடித்தது.

பொழுது சாய்கிற நேரத்தில் அம்மா சீருடையோடு வந்து சேர்ந்தார். "வீட்டு நம்பரை மறந்துட்டேன். பூண்டு வாசனை வந்த பக்கமா நடந்தேன், சரியா வந்துட்டேன்" என்றார்.

பின்னாலேயே தபால்காரர் வந்தார். ஒரு கையில் பானை, இன்னொரு கையில் பேட்டரி விளக்கு. இரண்டையும் கூடத்தின் நடுவில் வைத்துவிட்டு, கும்பிட்டுவிட்டுத் திரும்பினார். திரும்பும்போது பானையை ஒரு தடவை பார்த்து எச்சில் விழுங்கினார்.

அதை மைனா பார்த்துவிட்டாள்.

"மாமா! நீங்க இன்னைக்கு என்ன சாப்பிட்டீங்க?"

அவர் இரண்டு கையையும் விரித்தார். ஒன்றுமில்லை.

"காலையிலயிருந்தா? உட்காருங்க முதல்ல! இதுல கடிக்கிறதுக்கு எதுவுமே இல்ல. உருளைக்கிழங்கு வெண்ணெய் மாதிரி வெந்திருக்கு."

அவர் தயங்கினார். அம்மா ஒரு பெட்டியை நகர்த்தி, "உட்காருங்க அண்ணே. உங்க கரண்டுல வெந்த சாப்பாடு" என்றார். அவர் உட்கார்ந்தார். 'சாமான்' என்று எழுதிய அந்தப் பெட்டி கொஞ்சம் நசுங்கியது.

தட்டுகளைக் கண்டுபிடிக்க முடியவில்லை. அம்மா டீ கப்பில் சாப்பிட்டார். அப்பா வாணலியில். மாமாவுக்கு ஒரு பாத்திர மூடிதான் கிடைத்தது. மைனா தபால்காரரின் பங்கை ஒரு கிண்ணத்தில் போட்டுக் கரண்டியால் நன்றாக மசித்தாள். "சூடா சாப்பிடக் கூடாது" என்று சொல்லி, பட்டாணி அதைக் கன்னம் வலிக்க வலிக்க ஊதி ஆற்றினான்.

தபால்காரர் திரும்பி உட்கார்ந்து பஞ்சை எடுத்துவிட்டு, ஒரு வாய் வைத்தார். கண்ணை மூடினார். நெரிந்திருந்த புருவம் இரண்டும் மெல்லப் பிரிந்தன. கிண்ணம் காலியானது. மறுபடியும் நிறைந்தது. மறுபடியும் காலியானது.

"இந்தத் தெருவுல நான் தட்டாத கதவே இல்ல" என்றார் கடைசியில். அவ்வளவு பெரிய உடம்புக்குள் அவ்வளவு மெல்லிய குரல் இருக்கும் என்று யாரும் நினைக்கவில்லை. "என் கதவை யாரும் தட்டினதில்ல. இன்னைக்குத்தான் தட்டுனாங்க."

"நான்தான் தட்டினேன்!" என்றான் பட்டாணி.

அவர் கிளம்பியபோது பட்டாணி பேட்டரி விளக்கைத் தூக்கிக்கொண்டு வாசல் வரை கூடவே போனான். வாசல்படியில் நின்றுகொண்டு சொன்னான்: "நாளைக்கும் வாங்க மாமா. நாங்க எங்கயும் போக மாட்டோம். இங்கதான் இருப்போம்."

அம்மாவும் அப்பாவும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மைனா பானையின் ஓரத்தில் முறுகலாக ஒட்டியிருந்த சீஸைச் சுரண்டினாள். அதை இரண்டாகப் பிய்த்து, பெரிய துண்டைத் தம்பிக்கு எடுத்து வைத்தாள்.