சாகிறவள் வசனம் ராணிக்கு

உதயசூரியன் கதை எழுதிய மூன்று படங்களையும் பார்த்தவர்கள் ஒரே ஆட்டோவில் வீடு திரும்பிவிடலாம். நான்காவதாவது ஓட வேண்டுமென்று, போர்ட் பிளேர் டாலிகஞ்சிலிருந்து மனைவி ராணியையும் கூட்டிக்கொண்டு, மழை பிடித்த ஒரு மத்தியானம் ரப்பர் தோட்டத்துப் பழைய தொழிலாளர் லயன் வீடொன்றுக்குக் கதை எழுத வந்து சேர்ந்தான்.

காவலுக்கிருந்த சொர்ணம்மா, கையிலிருந்த தாவ் கத்தியை வெளி மரத்தில் குத்திவிட்டுத்தான் பூட்டைத் திறந்தாள். உள்ளே புளித்த ரப்பர் பால் வாடை.

"கத்திய மட்டும் உள்ள கொண்டாராதீங்க சார். பலாப்பழம்கூட நாங்க வெளியதான் வெட்டுறது. ஒருத்தன் பொண்டாட்டிய வெட்டுன ரூமு இது. ஆளுங்க ஓடியாந்து தடுத்துட்டாங்க, அவ பொழச்சிக்கிட்டா. அவன் அந்த உத்தரத்துலயே தொங்கிட்டான். வேல பாதியில நிக்குது."

அவள் டீ போடப் போனதும் உதயசூரியன் மரத்திலிருந்து கத்தியைப் பிடுங்கி உள்ளே வந்தான். நடித்துப் பார்க்காமல் அவனுக்கு ஒரு வரி ஓடாது. கொல்பவன் வசனம் அவனுக்கு. சாகிறவள் வசனம் எப்போதும் ராணிக்கு.

"அரே, எல்லாப் படத்துலயும் நான்தான் சாவணுமா?"

"நீ செத்தாத்தான் சீன் நல்லா வருது."

"இதுவரைக்கும் வந்துச்சாக்கும்!"

அவன் கத்தியை ஓங்கினான். எழுதி வைத்த வசனம் ஒன்று. வாயில் வந்தது வேறு.

"கழுத்தக் காட்டுடி. போன தடவ தோள்லதான் பட்டுச்சு."

ராணி கைதட்டினாள். "சூப்பர்யா! ஸ்கிரிப்ட்ல இல்லையே இது?"

இல்லை. அது அவன் குரலும் இல்லை.

ஓடியிருக்க வேண்டும். ஆனால் இப்படியொரு வசனம் அவனுக்கு வாழ்நாளில் வாய்த்ததில்லை. பேராசை.

"இன்னொரு தடவை," என்றான்.

உத்தரம் கிறீச்சிட்டது.

கை இறங்கியது.

அவன் இறக்கவில்லை.

ராணியின் காது பிளந்து ரத்தம் சுவரில் தெறித்தது. அடுத்த வெட்டு கழுத்துக்கு வந்தபோது உதயசூரியன் தன் இடது கையைக் குறுக்கே கொடுத்தான். விரல்கள் தரையில் உதிர்ந்தன. அலறியவன், தன் வலது மணிக்கட்டைப் பல்லால் கவ்வி, கத்தி விழும்வரை கடித்தான்.

"ஓடு ராணி!"

அவள் ஓடவில்லை. காலரைப் பிடித்து அவனையும் மழைக்குள் இழுத்துப் போட்டாள்.

போர்ட் பிளேர் ஆஸ்பத்திரியில், காதில் தையலோடு அவனுக்குக் கஞ்சி ஊட்டினாள்.

"இனிமே காதல் கதைதான் ராணி. யாரும் சாக மாட்டாங்க."

"சத்தியமா?"

"உன்மேல சத்தியமா."

அவள் சிரித்தாள். "சரி, பின்னல விடு. வலிக்குது."

அவன் குனிந்து பார்த்தான். அவனுடைய வலது கை, அவள் பின்னலை மணிக்கட்டில் சுற்றிக்கொண்டு, கழுத்து தெரியும்படி மெல்ல, மெல்லப் பின்னுக்கு இழுத்துக்கொண்டிருந்தது.