பாய்க்கு அடியில் பதினாலு

“பதினாலு” என்ற குரல் வர வேண்டிய பக்கத்திலிருந்து வரவில்லை. காலுக்கடியிலிருந்து வந்ததுபோல் லமாருக்குப் பட்டது.

மழை சாய்ந்து அடித்துக்கொண்டிருந்தது. மாலை நான்கு மணிக்கே கல்லூரி பேஸ்பால் மைதானம் இருண்டுவிட்டது. இருபது ஆட்டக்காரப் பையன்கள் ஓடி வந்து, அரை ஏக்கருக்கும் பெரிய தார்ப்பாயை, ஆடுகளம் நனையாதபடி செம்மண்மேல் இழுத்துப் போட்டார்கள். நடுவில் காற்று அதைக் கப்பல் பாய்போல் தூக்கி அறைந்தது. ஓரங்களில் மணல் மூட்டை வைத்தபடியே, மைதானத்தைப் பராமரிக்கும் லமார் எண்ணச் சொன்னார். ஒவ்வொருவனும் தன் எண்ணைக் கத்தினான். இருபது வந்தது. கணக்கு சரி.

பதினாலு அவர் மகன் கேல்வின்.

இந்த எண்ணும் வழக்கம் 1962இல் வந்தது. வெஸ்லி என்ற முதலாண்டுப் பையன் பாய்க்கு அடியில் மாட்டிக்கொண்டதை யாரும் கவனிக்கவில்லை. மழை விட்டுப் பாயைச் சுருட்டியபோது பிணமாகத்தான் கிடைத்தான். அதற்குப் பிறகு மர இருக்கைகள் எரிந்து கான்கிரீட் வந்தது. பணம் கொடுத்தவர்களின் பெயர் மூன்று முறை வாசலில் ஏறி இறங்கியது. வெஸ்லிக்கு ஒரு பலகைகூட வைக்கவில்லை. அவனுக்கென்று மிஞ்சியது இந்த எண்ணிக்கை ஒன்றுதான். அதற்கு ஒரே விதி: குரலை எண்ணக் கூடாது, முகத்தை எண்ண வேண்டும்.

அவர் வேலைக்கு வந்த பதினேழு வருடமாக எண்ணிக்கை தப்பியதே இல்லை. அதனால் லமார் முகம் பார்ப்பதை எப்போதோ விட்டிருந்தார்.

இருக்கைகளின் கூரைக்கடியில் நின்றார். உப்பில் அவித்த கடலையின் வாசனையும் ஈரச் சிமெண்ட் வாசனையும் கலந்து மூக்கில் ஏறின. தார்ப்பாய்மேல் விழும் மழை, ஆயிரம் பேர் ஒரே நேரத்தில் விரலால் தட்டுவதுபோல் நிற்காமல் கேட்டது. அந்தத் தட்டலுக்கு நடுவே, ஓரிடத்தில் மட்டும், யாரோ பதிலுக்கு உள்ளிருந்து தட்டுவதுபோலவும் கேட்டது. இரண்டாவது பேஸுக்கும் மூன்றாவதுக்கும் நடுவில் பாய் புடைத்திருந்தது. காற்று புகுந்தால் பாய் மூச்சு விடும், புடைக்கும், அடங்கும். இது அடங்கவில்லை.

“என்ன லமார், வெறிச்சுப் பாக்குறீங்க?” என்றார் கோச்.

“அங்க ஒரு மேடு தெரியுது, கோச்.”

“காத்துய்யா. இப்பப் போய்த் தூக்கினீங்கன்னா எல்லாம் சேறு. இந்த ஆட்டம் போனா சீசனே போச்சு.”

“கேல்வினைக் காணோமே.”

“கொட்டகையில இருப்பான். எண்ணுனீங்களே, இருபது வந்துச்சுல்ல?”

“வந்துச்சு.”

அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு இன்னும் பத்து நிமிடம் நின்றார். மேடு நகர்ந்தது. ஓரத்தை நோக்கி ஒரு முழம். பிறகு இன்னொரு முழம். பிறகு நின்றது.

ஆட்டக்காரர்கள் உட்காரும் கொட்டகைக்கு ஓடினார். பையன்கள் சூரியகாந்தி விதையை மென்று துப்பிக்கொண்டிருந்தார்கள்.

“கேல்வின் எங்கடா?”

“உங்களுக்கு மூட்டை தூக்கப் போனான்னு நெனச்சோம், சார்,” என்றான் ஒருவன்.

“பாயை விரிச்சதும் படுத்துட்டானோ என்னவோ,” என்றான் இன்னொருவன். இரண்டு பேர் சிரித்தார்கள்.

லமார் தலைகளை எண்ணினார். பத்தொன்பது.

“பதினாலுன்னு சொன்னது யாரு?”

சிரித்தவர்களில் ஒருவன் விதையைத் துப்பாமல் வாயிலேயே வைத்திருந்தான்.

ஓடினார்கள். மூட்டைகளை உதைத்தார்கள். பாய்மேல் தேங்கிய தண்ணீர் நகரவே மறுத்தது. இழுத்தார்கள். மறுபடி இழுத்தார்கள். பாதிப் பாய் மடிந்து விலகியது.

கேல்வின் குப்புறக் கிடந்தான். நகக்கண் முழுக்கச் செம்மண். முழங்கையால் ஊர்ந்த தடம் பின்னால் நீண்டது. அதை ஒட்டியே இன்னொரு ஊர்ந்த தடம். கிடந்தது ஒருவன்தான்.

கோச் அவனைப் புரட்டிப் போட்டு நெஞ்சை அழுத்தினார். வெகுநேரம் அழுத்தினார். நிறுத்தினார்.

“இன்னும் யாராச்சும் உள்ள இருக்காங்களா?” ஒருவன் அழுதுகொண்டே கேட்டான். பாதிப் பாய் இன்னும் மடிந்துதான் கிடந்தது.

மண்டியிட்டிருந்த லமார் எழுந்தார். மகனைப் பார்க்கவில்லை. பையன்களை வரிசையில் நிறுத்தினார். இந்த முறை முகத்தைப் பார்த்தார். ஒவ்வொரு வாயையும் பார்த்தார். ஒன்று. இரண்டு. மூன்று. இப்படியே பதின்மூன்று.

வரிசையில் ஓர் ஆள் இடைவெளி. மழை.

“பதினாலு.”

மடிந்த பாய்க்குள்ளிருந்து. கேல்வினின் குரல்.

பதினைந்தாவது பையன் வாயைத் திறந்தான். சத்தம் வரவில்லை.

பாய் ஒருமுறை புடைத்தது. இது கேல்வினின் குரல் இல்லை; மாலையில் முதலில் காலுக்கடியிலிருந்து கேட்ட அதே குரல் அந்தப் பையனுக்காகச் சொன்னது.

“பதினஞ்சு.”